சன்னாசியின் ஐந்து கோரிக்கைகள்

இணக்கம் என்ற சொல்லே சன்னாசிக்கு ஆகாது. தேயிலைத் தோட்டத்துத் துரைமாரோடு இணங்கிப் போன தொழிற்சங்கத் தலைவர்களுக்கு ஜீப் வந்தது. இணங்காத சன்னாசிக்கு வேலை போனது. ஆகவே, பசறையில் பக்கத்து வீட்டுக் கடைக்காரர் ரிப்கான் நடைபாதையை மறித்துச் சுவர் எழுப்பியதும், சன்னாசி பதுளை மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குப் போட்டார். "உயிரே போனாலும் சமரசம் கிடையாது" என்று சூளுரைத்தார்.

உயிர் போகவில்லை. மனைவி இராக்கம்மாவின் முழங்கால்தான் போனது. முன்பெல்லாம் பாதையில் இறங்கினால் பஸ். இப்போது மேட்டைச் சுற்ற வேண்டும். வழக்கோ தவணை தவணையாக வருஷக்கணக்கில் ஊர்ந்தது.

கடைசியில் நீதிபதியே சொல்லிவிட்டார்: இரு தரப்பும் பேசி ஒத்துவந்தால், அடுத்த தவணையிலேயே முடித்துவிடலாம்.

"போய்ப் பேசத்தான் போறேன்," என்றார் சன்னாசி வீட்டில். "ஆனா அவன் ஒத்துக்கவே முடியாததா கேப்பேன். பேச்சு முறியும். பழி அவன் மேல விழும்."

"அப்படின்னா, சுவரை அவரே இடிக்கணும்னு கேளுங்க," என்றாள் இராக்கம்மா.

"அட!"

"இடிச்ச கல்லுல படி கட்டித் தரணும்."

"அடி சக்க!"

"மழைத் தண்ணி ஓட கான் வெட்டணும். புடிச்சி இறங்க கம்பி போடணும்."

"இராக்கு, இத்தன வருஷமா ஒனக்குள்ள ஒரு போராளி தூங்கியிருக்காளே! இரு, லைட்டும் கேப்போம்!"

தவணை நாளன்று, நீதிமன்ற வராந்தாவில் சட்டத்தரணிகளை ஒதுக்கிவிட்டு, ஐந்து கோரிக்கைகளையும் முழங்கினார்.

"சரிண்ணே," என்றார் ரிப்கான்.

"எது சரி?"

"எல்லாமே சரி."

சன்னாசிக்கு வியர்த்தது. மறுத்தால் என்ன செய்வதென்று அவருக்குத் தெரியும்: கோஷம், உண்ணாவிரதம், துண்டுப்பிரசுரம். ஒத்துக்கொண்டால் என்ன செய்வதென்று எந்தச் சங்கமும் சொல்லித் தந்ததில்லை.

"அவசரப்படாதய்யா! சிமெந்து விக்கிற விலைக்கு..."

"சிமெந்து போன வாரமே வந்திருச்சிண்ணே."

"நான் இப்பத்தானேய்யா கேட்டேன்!"

வராந்தாவில் கிடந்த வாங்குப் பலகையின் கோடியில் இராக்கம்மாவும் ரிப்கானின் மனைவி முஷ்ரிபாவும் ஒரே பொட்டலத்தில் கடலை தின்றுகொண்டிருந்தார்கள். சன்னாசி பார்த்ததும் இருவரும் கூரையைப் பார்த்தார்கள்.

"எங்களுக்கு ஒன்னே ஒன்னுதான்," என்றார் ரிப்கான். "அண்ணன் விடிஞ்சா போதும், எங்க ஜன்னலப் பாத்து இந்தக் கேஸைப் பத்தி பிரசங்கம் பண்றாரு. இனி அதப் பத்திப் பேசவே கூடாது."

"பேச்சுரிமையில கை வைக்..."

"சம்மதம்," என்றாள் இராக்கம்மா. "இல்லாட்டி நாளைக்கும் நான் மேட்டைச் சுத்தணும். என்ன சொல்றீங்க?"

சன்னாசி அவள் முழங்காலைப் பார்த்தார். கையெழுத்துப் போட்டார்.

மறுநாளே சுவர் விழுந்தது. அவர் வாழ்நாளில் ஒரு கோரிக்கை விடாமல் வென்ற போராட்டம் அது ஒன்றுதான். அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசக்கூடாதென்று தீர்ப்பிலேயே எழுதிவிட்டார்கள்.