நர்கீஸ் நிச்சயத்தன்று லண்டனில் நடந்த பந்தாட்டம்

பேகம்பூர், திண்டுக்கல்
3-8-1966

பினாங்கில் கடை வைத்துப் பேரோடு இருக்கும் மச்சான் அப்பாஸ் ராவுத்தர் அவர்களின் சமூகத்துக்கு, தங்கள் தங்கை ஜெய்தூன் பீவியின் கணவன் அப்துல் ஜப்பார் மிக்க மரியாதையுடன் எழுதிக்கொண்டது. அஸ்ஸலாமு அலைக்கும்.

இவ்விடம் ஆண்டவன் கிருபையில் நானும் தங்கள் தங்கையும் மகள் நர்கீஸும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம். ஆடிக் காற்று பலமாக அடிக்கிறது. அவ்விடம் தாங்களும் பிள்ளைகளும் சுகமாக இருக்க ஐந்து நேரமும் துஆ கேட்கிறோம்.

நிற்க. தங்கள் தங்கை திங்கட்கிழமையே தனியாக ஒரு கடிதம் போட்டுவிட்டதாகத் தெரியவருகிறது. நான் பந்து விளையாட்டுக் கேட்பதற்காக நம் பெண்ணின் நிச்சயத்தையே குழப்பிவிட்டேன் என்று அதில் இருக்கும். அது முந்தி வந்து சேர்ந்திருந்தால் மனசில் வைத்துக்கொள்ளாமல் இதைப் படிக்கக் கேட்டுக்கொள்கிறேன். தாய்மாமனாகிய தங்கள் சம்மதம் இல்லாமல் எதுவும் முடிவாகாது. ஆகவே நடந்ததை நடந்தபடியே எழுதுகிறேன்.

முதலில் இந்த ரேடியோ விஷயத்தைச் சொல்லிவிட வேண்டும். போன வருஷம் ஒரு சனிக்கிழமை தோல் மண்டியிலிருந்து வந்து, சிலோன் பாட்டுக்காக முள்ளைத் திருப்பிக்கொண்டிருந்தேன். ஒரு ஸ்டேஷனுக்கும் இன்னொரு ஸ்டேஷனுக்கும் நடுவில் கடல் சத்தம் கேட்டது. நான் கடலைப் பார்த்தது தங்களைக் கப்பலேற்ற நாகப்பட்டினம் வந்தபோது ஒரே ஒரு தடவைதான். ஆனாலும் அந்தச் சத்தம் மறக்கவில்லை. பொங்கி எழும்பி, அடங்கி, மறுபடி பொங்குகிற அதே சத்தம். நான் அசையாமல் நிற்பதைப் பார்த்து நர்கீஸ் வந்து காதைக் கொடுத்துக் கேட்டாள். "கடல் இல்ல அத்தா, ஆளுக. லண்டன்ல பந்து விளையாடுறாகளாம், அதைப் பாக்குற ஆளுக சத்தம்" என்றாள். எப்போது விளையாடினார்கள் என்று கேட்டேன். "இந்தா, இப்பத்தான்" என்றாள். மச்சான், தங்களிடம் சொல்வதற்கென்ன, எனக்கு உடம்பு புல்லரித்துவிட்டது. நம் நடுவீட்டில் நான் நிற்கிறேன், ஏழு கடலுக்கு அப்பால் ஒருவன் பந்தை உதைக்கிறான், அது வலைக்குள் போய் விழுமுன் அந்தக் கூட்டம் மூச்சைப் பிடிப்பது எனக்குக் கேட்கிறது. அன்று முதல் சனிக்கிழமை சாயங்காலம் என்றால் நான் ரேடியோவுக்கு முன்னால்தான். எனக்கு இங்கிலீஷில் தெரிந்ததெல்லாம் தோல் சம்பந்தமான பத்து வார்த்தைகள். நர்கீஸ் பதினோராவது வரை படித்தவள் அல்லவா, பக்கத்தில் உட்கார்ந்து அவள்தான் தமிழில் சொல்வாள்.

இப்படியிருக்க, நெய்க்காரப்பட்டி வெல்ல வியாபாரி சேக் பரீது ராவுத்தர் தம் மகன் லத்தீபுக்கு நம் பெண்ணைக் கேட்டு ஆள் அனுப்பினார். நல்ல இடம். பையன் திருச்சியில் கல்லூரியில் படித்துவிட்டுத் தகப்பனாரோடு வியாபாரம் பார்க்கிறான். தகப்பனாரைப் பற்றித்தான் ஊரில் ஒரு பேச்சு. அவர் சிரித்துப் பார்த்தவர் யாரும் இல்லை என்றும், வீண் காரியம் எதையும் சகிக்காதவர் என்றும், போன இடத்தில் காபி ஆறியிருந்ததற்காக ஒரு சம்பந்தத்தையே விட்டவர் என்றும் சொன்னார்கள். ஜூலை முப்பது, சனிக்கிழமை, சாயங்காலம் மஃரிப் தொழுகைக்குப் பிறகு வந்து பேசி முடிப்பதாகத் தாக்கல் சொல்லியிருந்தார். நானும் சரி என்று விட்டேன். பிறகுதான் தெரிகிறது, உலகத்துக்கெல்லாம் பொதுவான கோப்பைக்கு இங்கிலாந்தும் ஜெர்மனியும் மோதுகிற கடைசி ஆட்டம் அதே சனிக்கிழமை அதே நேரம் என்று. ஞாயிற்றுக்கிழமைக்கு மாற்றலாமா என்று தங்கள் தங்கையிடம் மெதுவாகக் கேட்டேன். அவர் என்னைப் பார்த்த பார்வையை எழுத்தில் கொண்டுவர முடியாது.

ஆகவே ஓர் ஏற்பாடு செய்தேன். ரேடியோவைத் திரைக்கு உட்புறம், பெண்கள் இருக்கும் அறையில், சத்தத்தை மிகக் குறைத்து ஓடவிடுவது. நான் ஏதாவது எடுக்கப் போகிற மாதிரி அவ்வப்போது உள்ளே போய் நிலவரம் தெரிந்துகொள்வது. தங்கள் தங்கையும் 'சனியன் தொலையட்டும்' என்று சம்மதித்தார். ஆனால் காற்று மொட்டைமாடி ஏரியல் கம்பை வேரோடு சாய்த்துவிட்டது. பக்கத்து வீட்டு வெங்காய மண்டி பொன்னுத்துரையைத் தங்களுக்குத் தெரியும். நம் பக்கத்துப் பெரிய மனிதராக, பட்டுக்கரை வேட்டியில் அவர் வந்திருந்தார். "நீ உள்ள போய் மாப்ள வீட்டுக்காரகளைக் கவனிப்பா, நான் செத்த நேரம் கம்பைப் பிடிச்சுக்கிடுறேன்" என்று மாடிக்குப் போனார். அந்தச் செத்த நேரம் ஆட்டம் முழுக்க நீளும் என்று அவரும் நினைக்கவில்லை, நானும் நினைக்கவில்லை.

அவர்கள் வந்தார்கள். சலாம் சொல்லி உட்கார வைத்தோம். சேக் பரீது ராவுத்தர் முகம் கேள்விப்பட்டபடியேதான் இருந்தது. பையன் லத்தீப் தரையைப் பார்த்தபடி ஓரமாக உட்கார்ந்தான். நான் வெற்றிலைத் தட்டுக்கு ஒரு தடவை உள்ளே போனேன். பாக்கை மறந்துவிட்டு வந்து மறுபடி போனேன். சுண்ணாம்புக்குப் போய்விட்டு வெறுங்கையோடு திரும்பி வந்தபோது அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். உடம்புக்கு ஏதும் சரியில்லையா என்று கேட்டார். நான் பதில் சொல்லுமுன், ஜெர்மனி முதலில் போட்டதற்கு ஈடாக இங்கிலாந்து ஒரு கோல் போட்டுவிட்டது. எவ்வளவு குறைத்து வைத்தாலும் லட்சம் பேர் கத்துவதைத் திரைச்சீலை தடுக்குமா? வீடே ஒரு குலுக்குக் குலுங்கிய மாதிரி இருந்தது.

"ஏனுங்க, அது என்ன சத்தமுங்க? தெருவுல கலவரமா?" என்று எழுந்துவிட்டார்.

இனி மறைத்துப் பயனில்லை என்று உள்ளதைச் சொன்னேன். சம்பந்தம் போயிற்று என்றே நினைத்தேன். உள்ளே தங்கள் தங்கை பாத்திரத்தை ஓங்கி வைத்ததும் கேட்டது. சேக் பரீது ராவுத்தரோ கோபிக்கவில்லை. திரைக்குப் பக்கத்தில் போய்த் தலையைச் சாய்த்து நின்றார். கூட்டம் பாடிக்கொண்டிருந்தது. எத்தனை பேர் என்று கேட்டார். சுமார் ஒரு லட்சம் என்றேன். இது எப்போது நடந்தது என்று, நான் கேட்ட அதே கேள்வியைக் கேட்டார். இந்த நிமிஷம் நடக்கிறது என்றேன். "அங்க இப்ப ராத்திரியா?" என்றார். இல்லை, இன்னும் வெயில் இருக்கிறது என்றேன். அவர் வாசல் பக்கம் திரும்பி, விளக்கு எரிகிற நம் தெருவைச் சற்று நேரம் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். "நாம இருட்டுல உக்காந்துட்டு அவங்க வெயிலைக் கேட்டுட்டிருக்கோமுங்க" என்றார். மச்சான், ஒரு வருஷமாக எனக்குச் சொல்ல வராததை அந்த வெல்ல வியாபாரி ஒரே பேச்சில் சொல்லிவிட்டார்.

சத்தத்தைக் கூட்டச் சொன்னார். பாய்களைத் திரை ஓரமாக இழுத்துப் போட்டோம். மகனைக் கூப்பிட்டு என்ன சொல்கிறார்கள் என்று கேட்டார். வேகமாகப் பேசுகிறார்கள், பிடிபடவில்லை என்று பையன் கூச்சத்தோடு சொல்லிவிட்டான். அப்போது திரைக்கு அந்தப் பக்கமிருந்து நர்கீஸ் குரல் வந்தது. "ரெண்டு பேரும் ஒண்ணுக்கு ஒண்ணு, மாமா. பந்து இப்ப ஜெர்மன்காரக கிட்ட இருக்கு" என்றாள். நிச்சயத்தன்று பெண் வாய் திறப்பதாவது! தங்கள் தங்கைக்கு மூச்சே நின்றிருக்கும். ஆனால் சேக் பரீது ராவுத்தர் சம்மணம் போட்டு வசதியாக உட்கார்ந்து, "சொல்லும்மா" என்றார். அவள் சொன்னாள்.

இடைவேளையில் இஷா தொழுதோம். சம்பந்தி முன்னால் நின்று தொழ வைத்தார். ஆட்டம் தொடங்குமுன் முடிய வேண்டுமே, சின்ன சூராக்களாகவே ஓதினார். அதற்குப் பிறகுதான் ஒரு சங்கடம் வந்தது. நம் பதனிட்ட தோல் லண்டனுக்குப் போகிறது, அதில்தான் நம் சாப்பாடு, ஆகையால் நான் இங்கிலாந்து பக்கம். அவரோ ஜெர்மனி. வெள்ளைக்காரன் நம்மை இருநூறு வருஷம் ஆண்டவன், அவன் ஜெயிக்கக் கூடாது என்றார். ஜெர்மன்காரனும் வெள்ளைக்காரன்தானே என்று பொன்னுத்துரை மாடியிலிருந்து கேட்டார். "அவன் நம்மள ஆளலீங்களே" என்று சம்பந்தி கூரையைப் பார்த்துப் பதில் சொன்னார். இங்கிலாந்து இரண்டாவது போட்டது. முடியப்போகிற கடைசி மூச்சில் ஜெர்மனி ஒன்றைப் போட்டுச் சமன் செய்தது. அவர் என் தொடையில் அடித்த அடி இன்னும் கன்னிப்போய் இருக்கிறது. விசில் ஊதியதும் ஆட்டம் முடிந்தது என்று பொன்னுத்துரை கம்பைப் போட்டுவிட்டு இறங்கி வந்துவிட்டார். இன்னும் அரை மணி நேரம் கூடுதலாக ஆடுவார்கள் என்று சொன்னேன். கை மரத்துப் போச்சு, இனி ஏற மாட்டேன் என்று உட்கார்ந்துவிட்டார்.

அதன் பிறகு எங்கள் காதில் விழுந்தது வெறும் இரைச்சல். வார்த்தை போய்விட்டது, கூட்டத்தின் சத்தம் மட்டும் காற்றில் புழுதி மாதிரி எழும்பி வந்தது. ஆனால் நர்கீஸ் ரேடியோவில் காதை ஒட்டி வைத்திருந்தாள். சிறுசு காது அல்லவா, அவளுக்குக் கேட்டது. அதற்கு முன் சொன்னதெல்லாம் ஒன்றுமே இல்லை என்னும்படி சொன்னாள். தூறல் விழுகிறது என்றாள். புல் வழுக்குகிறது என்றாள். ஒருவருக்குக் காலுறை சரிந்து, குனிந்து இழுத்துவிடக்கூட நேரமில்லாமல் ஓடுகிறார் என்றாள். எங்களுக்கு அந்த ஆளின் கெண்டைக்கால் தெரிந்தது மச்சான். பொன்னுத்துரைகூட வாயை மூடிக்கொண்டு கேட்டார். சமையலறையை விட்டுத் தங்கள் தங்கையும் வந்து திரைக்குள் நின்றதை நான் வளையல் சத்தத்தில் தெரிந்துகொண்டேன்.

அப்போது பந்து கோல் கம்பத்தின் மேல் கட்டையில் பட்டுக் கீழே விழுந்தது என்றாள். கோட்டுக்கு உள்ளேயா, வெளியேயா? உள்ளே என்றேன் நான். வெளியே என்றார் அவர். இரண்டு பேரும் திண்டுக்கல்லில் இருந்துகொண்டு, பார்த்தவர்கள் மாதிரி சண்டை போட்டோம். நான் சற்றுக் குரலை உயர்த்திவிட்டேன். அவர் துண்டை உதறித் தோளில் போட்டு எழுந்து, மகனையும் எழச் சொன்னார். பந்துக்காகப் பெண் வாழ்க்கையைப் பணயம் வைத்துவிட்டேனே என்று அப்போதுதான் உறைத்தது. அந்த நேரத்தில் அவர் திரையைப் பார்த்து, "நீ சொல்லும்மா. உள்ளயா, வெளியயா?" என்றார். அப்பன் பக்கம் பேசுவாளா, மாமனார் பக்கம் பேசுவாளா என்று நான் திரையையே பார்த்தேன்.

"எனக்குத் தெரியலை மாமா. ரேடியோல பேசுறவருக்கே தெரியலை. விசில் ஊதுறவக கோட்டோரம் நிக்கிறவர்கிட்டக் கேக்கப் போயிருக்காக" என்றாள் நர்கீஸ்.

சம்பந்தி நின்றபடியே அவள் சொல்வது சரியா என்று மகனைக் கேட்டார். பையன் முதல் தடவையாகத் தலை நிமிர்ந்து, "சரிதானுங்கத்தா" என்றான். அவர் மெல்ல உட்கார்ந்தார். தெரியாததைத் தெரியாது என்று சொல்கிற பெண் கிடைப்பது அரிது, இந்த மாதிரிப் பிள்ளைதான் நம் வீட்டுக்கு வேண்டும் என்றார். அப்புறம் கோல் என்று தீர்ப்பானதும், கடைசியில் இங்கிலாந்து நான்காவது போட்டு ஜெயித்ததும், அவரை ஒன்றும் செய்யவில்லை. பிரியாணி கல்லாக ஆறியிருந்தது. ஆறின காபிக்காகச் சம்பந்தத்தை விட்டவர் என்றார்களே, அவர் இரண்டாம் தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். கை கழுவும்போது, "அம்பது வருஷமா வெல்லத்தைத் தவிர ஒண்ணும் தெரியாம இருந்துட்டேனுங்க" என்று சொல்லிச் சிரித்தார். ஆமாம், சிரித்தார். பொன்னுத்துரை சாட்சி.

இப்படியாக, நம் பெண்ணின் நேர்மையே இந்தச் சம்பந்தத்தை முடித்துக் கொடுத்தது. தாங்கள் வந்து நாள் குறித்துக் கொடுக்க வேண்டியதுதான் பாக்கி. தங்கள் தங்கை கடிதத்தில் உள்ளதை நம்ப வேண்டாம். பிள்ளைகளுக்கு என் துஆவையும், அவ்விடத்து நம் ஊர்க்காரர் அனைவருக்கும் என் சலாமையும் சொல்லவும். தங்கள் ஆயுளும் வியாபாரமும் ஆண்டவன் காவலில் பெருகட்டும்.

இப்படிக்கு,
தங்கள் மச்சான்
அப்துல் ஜப்பார்

பி.கு: மாமாவுக்கு நர்கீஸின் சலாம். மேலே இங்கிலீஷில் விலாசம் எழுதச் சொல்லி அத்தா கடிதத்தை என்னிடம் கொடுத்தார்கள். படித்துவிட்டேன். பொன்னுத்துரை மாமா கம்பைப் போட்டுவிட்டு வந்த பிறகு எனக்கும் சரியாக எதுவும் கேட்கவில்லை. கோல் எண்ணிக்கையும், மேல் கட்டை, கோட்டோர ஆள் என்ற இரண்டொரு வார்த்தையும் மட்டும்தான் திரும்பத் திரும்பச் சொன்னதில் பிடிபட்டன. தூறல், புல், காலுறை எல்லாம் நானாகச் சொன்னது. எல்லாரும் அவ்வளவு ஆசையாகக் காத்திருந்தார்கள், நிறுத்த மனசு வரவில்லை. பேசுகிறவருக்கே தெரியவில்லை என்றேனே, அவர் என்ன பேசினார் என்பதே எனக்குத் தெரியாது. நேர்மை என்று அத்தா எழுதியிருப்பதைத் தாங்கள் அடித்துவிடலாம். கிளம்பும்போது மாப்பிள்ளை அவர்கள் திரையை ஒட்டி நடந்துபோனார்கள். "அந்தக் காலுறை ரேடியோவில வரலீங்களே" என்று மெதுவாக என் காதில் மட்டும் விழும்படி சொல்லிவிட்டுப் போனார்கள். கல்லூரியில் படித்த அவர்களுக்கு இங்கிலீஷ் நன்றாகவே தெரியும் மாமா, முதலில் பிடிபடவில்லை என்றது சும்மா. தெரிந்தும் சரி என்று சொன்னார்கள். இது வரை யாரும் என் சம்மதத்தைக் கேட்கவில்லை. தாங்கள் கேட்டால், எனக்குச் சம்மதம் என்று சொல்வேன்.