இடது கன்னத்தில் ஓர் ஒத்திகை

அன்பும் மரியாதையும் மிக்க அக்காவுக்கு,

கடல் தாண்டி வந்து சும்மா உட்கார்ந்திருக்கும் உன் தம்பி எழுதுவது. உன் முட்டிவலியும் அத்தானின் காது மந்தமும் போன மாதம் இருந்த அளவிலேயே நிற்கும் என்று நம்புகிறேன். நாங்களும் இங்கே நலம். அப்படித்தான் எழுத வேண்டும் என்பதால் எழுதிவிட்டேன்.

பெண்ணைப் பெற்றவன் முன்னால் நின்று கல்யாணத்தை நடத்திவிட்டு வா என்று வழியனுப்பினாய். முன்னால் நிற்க இங்கே இடமில்லை, அக்கா. மண்டபம், சாப்பாடு, பூ, நாற்காலி என்று சகலத்தையும் மாப்பிள்ளை வீட்டார் ஒரு கம்பெனியிடம் விட்டுவிட்டார்கள். நான் எதைத் தொட்டாலும் கழுத்தில் அட்டை மாட்டிய ஒரு பெண் ஓடிவந்து, "நீங்க உக்காருங்க அங்கிள்" என்கிறாள். எனக்கு ஒரு வேலையும் கிடையாதா என்று நம் வாண்டுவிடம் வாய்விட்டே கேட்டேன். கல்யாணப் பெண் அவள்தானே. தன் அம்மாவை ஒரு பார்வை பார்த்துவிட்டு, "மேக்கப் ஆர்ட்டிஸ்ட்தாம்பா இன்னும் கிடைக்கல. அத நீங்க பாத்துக்கோங்க" என்றாள். ஆயுசெல்லாம் ஆஸ்பத்திரி ஸ்டோர்ஸில் கொள்முதல் பார்த்தவனுக்குப் பெற்ற மகள் ஒதுக்கிய இலாகா முகப்பவுடர். அதையாவது கொடுத்தாளே என்று வாங்கிக்கொண்டேன்.

என் முறைதான் உனக்குத் தெரியுமே. மூன்று இடத்தில் விசாரிப்பேன், சாம்பிள் பார்க்காமல் பஞ்சு கூட வாங்கமாட்டேன். இதற்கு சாம்பிள் பார்க்க ஒரு முகம் வேண்டும். வாண்டுவுக்கு ஆபீஸில் லீவு இல்லை. உன் தம்பி பெண்டாட்டியைக் கூப்பிட்டால், "உங்களுக்கு வேற வேலையே இல்லையா" என்கிறாள். இல்லை என்பதுதானே என் குறை. வாண்டு என் நிறம். அவள் பிறந்தபோது அதை முதலில் சொன்னவள் நீதான், அதையும் வருத்தத்தோடு சொன்னாய். ஆகவே என் கன்னத்தையே எடுத்துக்கொண்டு கிளம்பினேன்.

முதல் இடம் ஒரு செருப்புக்கடையின் மாடி. வரிசையாகக் கல்யாணப் பெண்கள், நடுவில் கழுத்தில் துண்டு கட்டிய நான். அந்த அம்மாள் நம் நிறத்தை அதுவரை கண்டதே இல்லை போலிருக்கிறது. இருந்த டப்பாக்களில் எதையெதையோ குழைத்து இடது கன்னத்தில் பூசினாள், சுவருக்கு முதல் கோட் அடித்தமாதிரி வந்தது. திரும்பும்போது பஸ்ஸில் எதிர்ச்சீட்டுக் குழந்தை என் இடது பக்கத்தையும் வலது பக்கத்தையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு அதன் அம்மா மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டது. இரண்டாவது ஆள் ஓர் இளைஞன். நேரில் பார்க்கமாட்டானாம், ஃபோனில்தான் பேசுவானாம். நேச்சுரலாக வேண்டுமா, கிளாமராக வேண்டுமா என்று கேட்டான். என் மகள் மாதிரியே இருக்க வேண்டும் என்றேன். அப்படி ஒன்று அவனிடம் இல்லையாம்.

மூன்றாவதாகப் போனது ஓர் அடுக்குமாடி வீடு. நம் பாஷை பேசுகிறவள். என்னை ஜன்னலோரம் நிறுத்திக் கன்னத்தைப் பார்த்தாள், உள்ளே போய் ஒரு சின்ன டப்பாவோடு வந்தாள். "இந்த நிறத்துக்கு ஏற்கெனவே கலந்து வெச்சிருக்கேங்க" என்று விரலால் தொட்டு வைத்தாள். கண்ணாடியைப் பார்த்தேன். என் கிழட்டு முகத்தின் ஓரத்தில் வாண்டுவின் கன்னம் இருந்தது, அக்கா.

ஆனால் அதே தேதிக்கு வேறொரு கல்யாணப் பெண் மூன்று மாதம் முன்பே அவளைப் பிடித்துவைத்திருக்கிறாள், அந்த டப்பாவே அவளுக்குக் கலந்ததுதான். இந்தக் காலத்துப் பெண்களுக்குத்தான் எத்தனை சுயநலம், பெற்றவனிடம் ஒரு வார்த்தை கேட்டிருப்பாளா என்று நினைத்துக்கொண்டேன். பிறகு நெஞ்சில் கைவைத்து, "இருக்கறது ஒரே பொண்ணும்மா. இன்னொரு கல்யாணம் நான் பாக்கப் போறதில்ல" என்றேன். இரண்டும் உண்மை. அவள் என் நெஞ்சைப் பார்த்துக் கண் கலங்கினாள். நான் திருத்தவில்லை. மறுநாளே அந்தப் பெண்ணைக் கழற்றிவிடுவதாக ஒப்புக்கொண்டாள். நம் பெண்ணின் பெயர், இடமெல்லாம் பிறகு தருகிறேன் என்று ஸ்டோர்ஸ் வழக்கப்படி என் பெயரிலேயே பதிந்துவிட்டு வந்தேன். அந்தப் பெண்ணைப் பெற்றவன் இனிமேல் தெருத்தெருவாக அலையட்டும். அவனுக்காவது ஒரு வேலை கிடைக்கும்.

அத்தானுக்கு என் வணக்கத்தைச் சத்தமாகச் சொல்லவும். பிள்ளைகளுக்கு என் ஆசி.

இப்படிக்கு,
உன் தம்பி

பின்குறிப்பு: கவரை ஒட்டப்போன சமயத்தில் வாண்டு ஃபோன் செய்தாள். ஒரே அழுகை. மூன்று மாதம் முன்பே ஒரு மேக்கப்காரியைப் பேசிவைத்திருந்தாளாம். நான் சும்மா இருந்து எல்லோரையும் பிடுங்கி எடுக்கக் கூடாதே என்று அம்மாவும் பெண்ணுமாகக் கூடிப் பேசித்தான் எனக்கு அந்த வேலையைக் கொடுத்தார்களாம். யாரோ நெஞ்சுவலிக்காரப் பெரியவருக்காக அந்த அம்மாள் இன்று காலையில் கைவிரித்துவிட்டாளாம். எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. ஒப்புக்கு ஒரு வேலையைக் கொடுத்து என்னைத் தெருத்தெருவாக அலையவிட்டிருக்கிறார்கள், அக்கா. அப்போது அவள், "இனிமே நீங்கதாம்பா யாரையாவது பிடிச்சுக் குடுக்கணும். உங்கள விட்டா எனக்கு ஆளே இல்ல" என்றாள். இந்தத் தடவை நிஜமாகவே சொன்னாள். கஷ்டம்தான், பார்க்கிறேன் என்று சொல்லி ஃபோனை வைத்துவிட்டேன். கல்யாணத்துக்கு இன்னும் நாள் இருக்கிறது.