வாழை மறைவில் ஒரு தும்மல்

அன்பு மிகுந்த மரிய கொறற்றி அக்காவுக்கு,

பலாபத்வலயிலிருந்து தம்பி கிறிஸ்தோபர் வணக்கத்துடன் எழுதிக்கொள்வது. மாதாவின் துணையால் நானும் என் முழங்கால் வலியும் இங்கே சுகம். நீர்கொழும்பில் நீங்களும் மகள் குடும்பமும் அவ்வாறே இருக்க வேண்டுகிறேன். போனில் நான் கத்துவது அடுத்த வீட்டுக்குக் கேட்கிறதே தவிர உங்களுக்குக் கேட்பதில்லை, ஆகவே இக்கடிதம்.

அக்கா, அப்பாவைக் கண்டுபிடித்துவிட்டேன்! அப்பாவும் சவரிமுத்துச் சித்தப்பாவும் 'மாத்தளைச் சகோதரர்கள்' என்று பேர் வைத்துக்கொண்டு, படம் பேசத் தொடங்கிய புதிதில் மதராசுக்குப் போய் ஒரு படத்தில் பாடினார்களே, அதில் நாலு நிமிஷத் துண்டு கிடைத்திருக்கிறது. கொழும்பில் பழைய படச்சுருள் சேர்க்கும் ஷெனாலி என்ற பிள்ளை, ஞாயிறு பூசை முடிந்ததும் மாத்தளைக் கோயில் மண்டபத்தில் அதைப் போட்டுக் காட்டினாள். மூன்று வயசில் அப்பாவைப் பறிகொடுத்தவன் நான். இருந்த ஒரு போட்டோவும் வெள்ளத்தில் போனது. எழுபத்தைந்து வயசில் அப்பா முகத்தைப் பார்க்கப்போகிறேன் என்று கோட்டுப் போட்டுக்கொண்டு முன்வரிசையில் உட்கார்ந்தேன். கோட்டிலிருந்த அலுமாரித் தூசிக்கு எனக்கு வழக்கமான தும்மல்: இரண்டு சின்னது, கடைசியில் ஒரு வெடி.

படம் ஓடுது. கதாநாயகி மட்டும் ஊஞ்சல்ல ஆடுறா, நம்ம ஆட்கள் ரெண்டு பேரையும் காணோம்! "அங்கிள், அந்தக் காலத்துல ஒரே மைக்தான். கூடப் பாடுறவங்க வாழை மரத்துக்குப் பின்னால ஒளிஞ்சு நின்னு பாடுவாங்க" என்கிறாள் ஷெனாலி. எனக்கு மனசே விட்டுப்போச்சு. அந்த நேரம் பாருங்க, வாழை மறைவிலிருந்து ஒரு கை நீண்டு தாளம் போட்டுச்சு. என்ன கை அக்கா அது! "அப்பா!"ன்னு எழும்பிக் கத்திட்டேன். கண்ணெல்லாம் தண்ணி. பாட்டு உச்சத்துக்குப் போகுது, அப்பப் பார்த்து வாழைக்குப் பின்னால ஒருத்தன் தும்மித் தீர்த்தான். கதாநாயகி ஊஞ்சல்ல இருந்து விழப் பார்த்தா. பிலிம் வீணாகும்னு திரும்ப எடுக்காம அப்படியே விட்டுட்டாங்களாம். மண்டபமே சிரிச்சுது. எனக்கு வந்த ஆத்திரத்துல, பக்கத்துல இருந்த சித்தப்பா பேரன் ஜெயகாந்தைப் பார்த்து, "உன் தாத்தாதான்டா! எங்கப்பா பாட்டைக் கெடுத்த பரம்பரை!"ன்னு எல்லார் முன்னாலயும் சொல்லிட்டேன். "ஏன் பெரியப்பா இப்படிப் பேசுறீங்க?"ன்னு கேட்டவன், கையில இருந்த ரோல்ஸைக்கூடத் தின்னாம எழும்பிப் போயிட்டான். அவனா வந்து மன்னிப்புக் கேட்கும் வரை அவன் வாசப்படியை மிதிக்க மாட்டேன்.

அந்தக் கையை மட்டும் படமெடுத்து பிரேம் போட்டுவிட்டேன். நாளைக்கு மாட்டி மாலை போடப்போகிறேன்.

பிள்ளைகளுக்கு என் ஆசியும் முத்தமும் சொல்லவும்.

தங்கள் அன்புத் தம்பி
கிறிஸ்தோபர்

பி.கு.: கடிதத்தை ஒட்டும்போதே நீங்க போன் எடுத்து ஏசியது இன்னும் காதில் நிற்கிறது. ஜெயகாந்த் உங்கள் மகளிடம் சொல்லிவிட்டானாம். "மடையா, தாளம் போட்ட கை சித்தப்பாவோடதுடா! தும்மினது நம்ம அப்பா! தொண்டைக்குன்னு மிளகைப் பொடிச்சு மூக்குத் துடைக்கிற லேஞ்சியில முடிஞ்சிட்டுப் போய், அதே லேஞ்சியால மூக்கத் தொடச்சிருக்காரு. சாகிற வரைக்கும் அதச் சொல்லிச் சொல்லிச் சிரிச்சாரு. நீ பாட்டு பாட்டுன்னு பெருமையடிச்சதுல நான் வாய் தொறக்கல" என்றீர்கள். ஷெனாலி அனுப்பிய துண்டை மறுபடி போட்டுக் கேட்டேன். இரண்டு சின்னது, கடைசியில் ஒரு வெடி. அப்பாவேதான், அக்கா! பிரேமை ஜெயகாந்திடம் கொடுத்து மன்னிப்புக் கேட்கக் கிளம்பிவிட்டேன். மாலையும் வாங்கியாச்சு, தும்மலுக்கு எப்படி மாலை போடுவது?