பொக்கென்று நான் தூற்றிய கோப்புகள்

காலை மணி பத்தே முக்கால். திரையில் முதலில் தெரிந்தது ஒரு மஞ்சள் முக்கோணம். அதனுள் ஓர் ஆச்சரியக்குறி. அச்சிடுவதற்கு வட்டில் இடம் போதவில்லை என்றது கணிப்பொறி.

இடம், செம்மேட்டில் காசிம் பாயின் மிளகு மண்டி. தொண்ணூற்று ஒன்பதாம் ஆண்டு, தை மாதம். எனக்கு இருபத்தொரு வயது. நாமக்கல்லில் மூன்று மாதம் கணிப்பொறி படித்த சான்றிதழ் என்னிடம் இருந்தது (அதைச் சட்டம் போட்டு மண்டியில் மாட்டியதும் நான்தான்).

அச்சாக வேண்டியது அக்காவின் கல்யாணப் பத்திரிகை. பதினொன்றரை பஸ்ஸில் அது நாமக்கல் அச்சகத்துக்குப் போக வேண்டும். அச்சகக்காரர் மறுநாள் பழனிக்குப் பாதயாத்திரை கிளம்புகிறார். அவரைக்கூடச் சமாளிக்கலாம். தேவனூர் நாட்டில் (எங்கள் மலையில் சில ஊர்கள் சேர்ந்தது ஒரு நாடு) இருந்த பெரிய மாமாவைச் சமாளிக்க முடியாது. ஒருமுறை யாரோ வாயால் சொன்ன நேரத்தை நம்பி ஒரு கல்யாணத்துக்குப் போய், காலிப் பந்தலைப் பார்த்துத் திரும்பியவர். அதிலிருந்து பத்திரிகையில் போட்ட நேரத்துக்கு மட்டுமே கிளம்புவார். அவர் கையால் மாலை வாங்கித்தான் மணவறை ஏற வேண்டும் என்பது அக்காவின் ஆசை.

எல்லா மென்பொருளையும் மூடிவிட்டு, இடத்தை அடைத்திருப்பது யார் என்று தேடினேன். சிஸ்டம் ஃபோல்டரில் நூற்றுக்கணக்கான டிஎல்எல் கோப்புகள். பெயரை வைத்து எது எதற்கு என்று சொல்ல முடியாது. அவை பல மென்பொருள்கள் பொதுவாக எடுத்துப் பயன்படுத்துபவை. (வகுப்பில் இதைச் சொன்ன அன்று நான் சினிமாவில் இருந்தேன்.)

வெளியே களத்தில் மிளகு தூற்றிக்கொண்டிருந்தார்கள். பறப்பது பொக்கு, நிற்பது மணி. ஒரு கோப்பை அழித்துப் பார்த்தேன். பயன்பாட்டில் இருக்கிறது, அழிக்க முடியாது என்றது. எனக்கு ஞானம் பிறந்தது. மறுப்பது மணி, மறுக்காமல் போவது பொக்கு. நோட்டில் இரண்டு பத்தி பிரித்துத் தூற்ற ஆரம்பித்தேன்.

"என்ன கண்ணு, டொக்கு டொக்குனு?" என்றார் பாய், சாக்குத் தைத்தபடி.

"பொக்கு எடுக்கறேனுங்க பாய்."

"அதுக்குள்ளயும் பொக்கா? வித்தவன் சொல்லவேயில்லையே! பாத்து, மணியத் தூக்கிப் போட்டறாத."

"அது போகாதுங்க. கெட்டியாப் புடிச்சுக்கிட்டு நிக்குமுங்க."

பதினொன்று பத்துக்குத் திரையிலிருந்த குப்பைத்தொட்டியையும் காலி செய்தேன். இடம் தாராளமாகக் கிடைத்தது. பத்திரிகை செய்யும் மென்பொருளைத் திறந்தேன். ஒரு டிஎல்எல் கோப்பைக் காணோம் என்றது. நோட்டைப் பார்த்தேன். பொக்குப் பத்தியில் ஏழாவது. கடிதம் அடிக்கும் மென்பொருளும் அதே கோப்பைக் கேட்டது. படம் வரைவதும் அதையே கேட்டது. எல்லாவற்றையும் பொறுப்பாக மூடிவைத்துவிட்டு அழித்தேன் அல்லவா, அந்த நேரத்தில் அவற்றின் கோப்புகள் எதுவும் பயன்பாட்டில் இல்லை. அதனால்தான் சத்தமில்லாமல் போயிருக்கின்றன.

அப்பா உள்ளே வந்தார். "ஆச்சா சாமி? பஸ்ஸு நிக்குது."

"கையில எழுதித் தாரேனுங்கப்பா."

"அப்ப மூணு மாசம் என்னத்தப் படிச்ச?"

"கையெழுத்து நல்லாருக்குமுங்க," என்று பாய் எனக்காகப் பேசினார். "மூட்டைக்கெல்லாம் பேர் எழுதறது அவந்தானுங்க."

பஸ் இரண்டு முறை ஹாரன் அடிப்பதற்குள் எழுதி முடித்தேன். அச்சகத்தில் அதை அப்படியே அச்சடித்துவிட்டார்கள். கட்டு வந்ததும் அப்பா நேரே தேவனூருக்குப் போய் மாமாவுக்கு முதல் பத்திரிகை வைத்துவிட்டு வந்தார். அன்று மாலைதான் அக்கா ஒன்றை எடுத்து நிதானமாகப் படித்தாள்.

"ஏன்டா, எத்தன மணிக்குடா எனக்குக் கல்யாணம்?"

அப்பா மறுபடி தேவனூருக்கு ஓடி, நேரத்தை வாயால் சொன்னார். மாமா பத்திரிகையை இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தாராம்.

"இதுல போடலீங்களே மாப்ள. அப்ப எப்ப வந்தாலும் நேரந்தானுங்க."

பிறகு நான் செய்தித்தாளில் பிழை பார்க்கும் வேலைக்குப் போனேன். எங்கள் வீட்டுக்கு எந்தக் கல்யாணப் பத்திரிகை வந்தாலும் அக்கா அதைப் பிரிப்பதற்கு முன்பே கேட்பாள்: "எழுதுனது யாரு?"

அக்காவின் முகூர்த்தம் காலை ஆறு முதல் ஏழரை. மாலை போட்டது சின்ன மாமா. பெரிய மாமா பந்தலுக்குள் நுழைந்தபோது மணி பத்தே முக்கால்.