பின்னாடி யாருங்க பாக்கப் போறா?

உயிரினங்களில் முதுகெலும்பு உள்ளவை, முதுகெலும்பு இல்லாதவை என்று இரண்டு வகை உண்டெனப் பள்ளிக்கூடத்தில் படித்திருப்பீர்கள். முதுகே இல்லாத மூன்றாவது வகை ஒன்றைப் பாடப்புத்தகம் எழுதியவர் விட்டுவிட்டார். பாவம், அவர் தொலைக்காட்சி நிலையத்துக்குள் வந்ததில்லை. நான் வந்திருக்கிறேன். தொகுப்பாளர்கள் பேசுவதை எழுதிக் கொடுத்துச் சம்பளம் வாங்குகிறேன். எழுதிய நேரம் போக மிச்ச நேரமெல்லாம் இந்த வகையை வேடிக்கை பார்ப்பதுதான் எனக்கு வேலை.

வகையின் பெயர்: ஆடை வடிவமைப்பாளர். தவறிக்கூட டெய்லர் என்று சொல்லிவிடாதீர்கள். "டெய்லர் உடம்புக்குத் தைப்பான், நான் வெளிச்சத்துக்குத் தைக்கிறேன்" என்பார். என்ன அர்த்தம் என்று கேட்காதீர்கள். அவருக்கும் தெரியாது.

எங்கள் நிலையத்தில் இருப்பவரை எல்லோரும் மாஸ்டர் என்போம். கழுத்தில் அளவு நாடா எப்போதும் தொங்கும். அதை வைத்து அவர் எதையும் அளந்து நான் பார்த்ததில்லை. வாயில் குண்டூசிகள் வரிசையாக இருக்கும். ஆகவே எதைக் கேட்டாலும் "ம்" என்பதுதான் பதில். ஆடை தயாரா? ம். இன்னும் வெட்டவே இல்லையா? ம். அந்த "ம்"மை நம்பித்தான் எங்கள் நிலையத்தில் அத்தனை நேரலைகளும் நடக்கின்றன.

மாஸ்டர் முதலில் ஒரு தையல் கடையில் இருந்தவர். அங்கே ஒரு பெரும் கொடுமை. தைத்ததைப் போட்டுப் பார்க்கும் வாடிக்கையாளர் கண்ணாடி முன் நின்று சும்மா இருக்க மாட்டார், திரும்பியும் பார்ப்பார். திரும்பி முதுகுப்பக்கத்தைப் பார்த்தவர்கள் எல்லாம் கத்தினார்கள், கடைக்காரர் இவரை அனுப்பிவிட்டார். ஊரெல்லாம் சுற்றிக் கடைசியில் தொலைக்காட்சிக்கு வந்து சேர்ந்தார். வந்த அன்றே கண்டுகொண்டார், கேமரா எவரையும் சுற்றிவந்து பார்ப்பதில்லை!

அதற்கப்புறம் அவர் எதற்கும் பின்பக்கம் தைக்கவில்லை. உலகப் போர் மூளுமோ மூளாதோ என்று முகத்தை இறுக்கிக்கொண்டு செய்தி வாசிக்கிறாரே ஓர் ஒல்லி மனிதர், அவர் போட்டிருப்பது எங்கள் நகைச்சுவை நடிகரின் பெரிய கோட்டு. மிச்சத் துணியை எல்லாம் முதுகுப்பக்கம் அள்ளிப் பிடித்துத் துணி காயப்போடும் கிளிப்புகளால் கவ்வி வைத்திருப்பதால், பின்னாலிருந்து பார்த்தால் முள்ளம்பன்றி ஒன்று நாட்டு நடப்பு சொல்வது போலிருக்கும். அவர் நாற்காலியில் சாய்ந்ததே இல்லை. நேர்மையான மனிதர், நிமிர்ந்தே உட்காருகிறார் என்று நேயர்கள் பாராட்டி எழுதுகிறார்கள்.

யாராவது முதுகைத் தடவிக்கொண்டு முனகினால் மட்டும் மாஸ்டர் குண்டூசிகளை வாயிலிருந்து எடுப்பார்.

"பின்னாடி யாருங்க பாக்கப் போறா?"

அவர் தைத்ததைப் போட்டுப் பாடியவர் ஜெயித்தால், "அந்தக் காலரப் பாத்தீங்கல்ல?" என்பார். தோற்றால், "குரல் கொஞ்சம் லூசா இருந்துச்சு. அதையும் நானா பிடிச்சுத் தைக்க முடியும்?" என்பார். அவர் மனைவியிடம் ஒருநாள் இதைச் சொல்லிச் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. "எங்க வீட்டுக்கு என்னைப் பொண்ணு பாக்க வந்தப்ப முன்னாடி நின்னு நல்லாத்தான் பேசினார் தம்பி. கிளம்பி வாசல் பக்கம் திரும்பினப்பதான் சட்டையப் பாத்தேன். அதுக்குள்ள எங்கப்பா சரின்னுட்டார்."

இப்படியே காலம் ஓடியிருக்கும். சிட்டு வந்தாள்.

பாட்டுப் போட்டியில் ஜெயித்த பெண். சிட்டு என்பது ரசிகர்கள் வைத்த பெயர். "கையைத் தூக்கு, கையைத் தூக்கு" என்று அவள் ஆடிக்கொண்டே பாடிய பாட்டுக்குக் கைக்குழந்தைகள்கூடக் கையைத் தூக்கின. அவளுக்கு முதல் பெரிய மேடைக் கச்சேரி, விளையாட்டரங்கில், நேரலையில். அது நன்றாக நடந்தால் ஊர் ஊராகக் கச்சேரி. சொதப்பினால் மறுபடி துணிக்கடைத் திறப்பு விழாக்களில் பாட வேண்டியதுதான். மாஸ்டர் தங்க நிறத்தில் தரையைத் தொடும் அங்கி ஒன்று தைத்தார். மேலே காப்பி கொட்டினால் மாற்றிக்கொள்ள அதே போல இன்னொன்றும் தைத்தார். இரண்டுக்கும் முன்பக்கம் சூரியன். பின்பக்கம் பழைய திரைச்சீலையும் ஊக்கும்.

கச்சேரி அன்று மதியம் ஒப்பனை அறையில் சிட்டுவுக்கு அங்கியை மாட்டிவிட்டுக்கொண்டிருந்தார் மாஸ்டர். மேடையைப் பார்த்துவிட்டு வந்த சிட்டுவின் அம்மா நிலைப்படியிலேயே நின்றார்.

"ஏன் தம்பி, மேடை நட்டநடுவுல இருக்கே. சனங்க எந்தப் பக்கம் உக்காருவாங்க?"

"ம்... முன்பக்கம்மா."

"அதான் கேக்குறேன். எது முன்பக்கம்? சுத்திலும் நாற்காலி போட்டிருக்கான்!"

மாஸ்டரின் வாயிலிருந்து குண்டூசிகள் உதிர்ந்தன. கதவருகே நின்ற எனக்கே அந்தச் சத்தம் கேட்டது. வட்ட மேடை என்று அவரிடம் முன்பே சொல்லியிருந்தார்கள். "ம்" என்றிருக்கிறார்.

அம்மா மகளைச் சுற்றிக்கொண்டு பின்னால் போனார். பார்த்தார். நல்லவேளை, அந்த அறையில் கையில் எடுத்து வீசுகிற மாதிரி எதுவும் இல்லை.

"பாவி மனுஷா, இது எங்க வீட்டு ஜன்னல்ல தொங்குற துணிய்யா! நான் வீட்லேர்ந்து நல்ல உடுப்பு கொண்டாந்திருக்கேன், அதப் போடட்டும்."

"ஐயோ அம்மா, போஸ்டர் பூரா தங்கம்! டிக்கெட் வாங்கினவன் தங்கத்தத்தான் கேப்பான்."

சிட்டு கத்தவில்லை. கண்ணாடியைப் பார்த்தபடியே சொன்னாள்: "மாஸ்டர், இன்னைக்கு ஒரு ஊக்கு கழண்டாலும் நான் அப்புறம் பாடவே வேணாம். சனங்க பாட்ட மறந்துருவாங்க. முதுக மறக்க மாட்டாங்க."

மாஸ்டர் உதிர்ந்த குண்டூசிகளைப் பொறுக்கினார். பிறகு மாற்று அங்கியை எடுத்தார், அதன் முன்பக்கத்தைச் சர்ரென்று கிழித்தார், கொண்டுவந்து சிட்டுவின் முதுகில் வைத்தார். முன்னாலும் சூரியன், பின்னாலும் சூரியன். எந்தப் பக்கமிருந்து பார்த்தாலும் முன்பக்கம்! இரண்டையும் சேர்த்து அக்குளிலிருந்து இடுப்பு வரை சரம்சரமாக ஊக்கு குத்தினார்.

"சரி, பக்கவாட்டுல?" என்றார் அம்மா.

"பக்கவாட்டுல யாரும்மா பாக்கப் போறா? கைய ஒட்டி வச்சுக்கட்டும், தெரியாது. தூக்கினா மட்டும் எல்லாம் போச்சு."

"மாஸ்டர்," என்றாள் சிட்டு, "என் பாட்டே கையைத் தூக்குதான்."

மேடை ஏறினாள். வேறென்ன செய்வாள்? இரண்டு கைகளையும் விலாவோடு ஒட்டி, ஆட்டமும் இல்லாமல், நட்டுவைத்த கம்பம் போல நின்று, "கையைத் தூக்கு" என்று பாடினாள். அரங்கமே கையைத் தூக்கியது. அவள் மட்டும் தூக்கவில்லை. தூக்காத கையைப் பார்த்துக் கூட்டம் இன்னும் உயரமாகத் தூக்கியது. கடைசிச் சரணத்தில், பழக்க தோஷம், வலக்கை தானாக மேலே கிளம்பிவிட்டது. மேடையோரம் என் பக்கத்தில் நின்ற அம்மா என் மணிக்கட்டைப் பிடித்து நசுக்கினார். ஓர் ஊக்கு வாய் திறந்தது, தங்கம் விரிந்தது, உள்ளே திரைச்சீலை எட்டிப் பார்த்தது. சிட்டு கிளம்பிய கையைப் பாதியில் மடக்கி இடுப்பில் ஊன்றி, திறந்த இடத்தை உள்ளங்கையால் அழுத்திக்கொண்டு, முகவாயை நிமிர்த்தி, கடைசி வரியைப் பாடி முடித்தாள். கூரை பிய்ந்துபோகிற மாதிரி கைதட்டல்.

மறுநாளிலிருந்து இளசுகள் எல்லாம் ஒரு கையை இடுப்பில் ஊன்றி நிற்கிறார்கள். "அடக்கத்தின் புது மொழி" என்று பத்திரிகை எழுதியது. மாஸ்டரைப் பேட்டி எடுத்தார்கள். "மாசக்கணக்கா யோசிச்சேன். மனுஷனுக்கு முதுகு எதுக்குன்னு என்னையே கேட்டுக்கிட்டேன்" என்றார். நாற்காலியில் சாயாமல்தான் சொன்னார்.

சிட்டுவின் இடுப்புக் கீறலுக்கு அவள் அம்மா மருந்து போட்டார். ஊர் ஊராகக் கச்சேரி கிடைத்தது. மாஸ்டரே தைக்க வேண்டும் என்று ஏற்பாட்டாளர்கள் ஒற்றைக்காலில் நின்றார்கள். அம்மா ஒத்துக்கொண்டார், ஒரே நிபந்தனையோடு: "எதத் தச்சாலும் முதல்ல நீங்க போட்டு எங்க முன்னாடி ஒரு சுத்து சுத்திக் காட்டணும்." அடுத்த வாரம் ஒப்பனை அறையில் வெள்ளிநிற அங்கியில் மீசையோடு நின்றார் மாஸ்டர். மெதுவாகச் சுற்றினார். முக்கால்வாசியில் நின்றுவிட்டார்.

"இதுக்கு மேல சுத்திவந்து யாரும் பாக்க மாட்டாங்கம்மா."

நீங்கள் சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். கணினியில் கூட்டம் என்றதும் மேலே மட்டும் நல்ல சட்டையை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தவர் யார்? விருந்தாளி வருகிறார் என்றதும் கூடத்துக் குப்பையை எல்லாம் உள்ளறையில் தள்ளிக் கதவைச் சாத்திவிட்டு அந்தக் கதவுக்கு முன்னாலேயே நின்று பேசியவர் யார்? எங்கள் வம்சத்திலேயே முதல் பட்டமளிப்புப் படம் என்னுடையதுதான், எங்கள் வீட்டுச் சுவரில் தொங்குகிறது, அங்கி மாட்டி அம்சமாக இருப்பேன். அது முன்பக்கமிருந்து எடுத்த படம். அதைப் பற்றி மேற்கொண்டு கேட்காதீர்கள்.

உங்கள் மேல் எனக்குச் சந்தேகம் ஒன்றுமில்லை. எதற்கும் ஒரு தடவை திரும்பி நில்லுங்கள், பார்ப்போம்.

அட, ஏன் சுவரோரமாக நகர்கிறீர்கள்?