கொட்டுது அண்ணாச்சி

கொட்டுது அண்ணாச்சியைப் போல் கூசாமல் பொய் சொல்லும் மனிதரை இந்தப் பூமியில் நான் பார்த்ததில்லை. குற்றாலத்தில் ஒரு லாட்ஜுக்கு அவர் மேனேஜர். தென்காசியில் வேலை பார்த்த நான் அங்கே மாத வாடகைக்கு இருந்தேன்.

"அருவியில தண்ணி விழுதா?" என்று எந்த ஊரிலிருந்து போன் வந்தாலும், சன்னல் பக்கம்கூடத் திரும்பாமல் "கொட்டுது, வாங்க" என்பார். வீடியோ கேட்டால் போன வருஷத்து வெள்ளத்தை அனுப்புவார். நம்பி வந்தவர்கள் காய்ந்த பாறையைப் பார்த்துவிட்டுச் சண்டைக்கு வந்தால், அதற்கும் பதில் உண்டு.

"தண்ணிய எல்லா வருசமும் பாக்கலாம் சார். பாறைய இவ்வளவு தெளிவா எப்ப பாக்கப் போறிய?"

மதுரைக்காரர் ஒருவர் அதைக் கேட்டு, குடும்பத்தோடு பாறை முன்னால் படம் எடுத்துக்கொண்டு போனார்.

ஒரே ஒரு நம்பருக்கு மட்டும் பதில் வேறு. சீசனுக்கு ஒரு முறை சென்னையிலிருந்து ஒரு பெண் கூப்பிடுவாள். "சார், தண்ணி விழுதா?"

வெளியே அருவி இரைகிற இரைச்சலில் அண்ணாச்சி கத்தித்தான் பேச வேண்டியிருக்கும். "இல்லம்மா! சொட்டுத் தண்ணி இல்ல!"

"சரி சார்" என்று வைத்துவிடுவாள்.

அவள் அவருடைய ஒரே மகள். அவர் சம்மதமில்லாமல் கல்யாணம் செய்துகொண்டவள். கூப்பிடுவது மகள் என்று அவருக்குத் தெரியும். தெரியும் என்று அவளுக்கும் தெரியும். ஆறு வருஷமாக இருவரும் பேசிக்கொண்டது இவ்வளவுதான். எனக்கு எரிச்சலாக வரும். தெரியாதவன் போலக் கேட்பேன்.

"யாரு அண்ணாச்சி போன்ல?"

"கஸ்டமரு."

அன்றைக்கு முழுக்க வேறு யார் கூப்பிட்டாலும் எடுக்க மாட்டார்.

போன வருஷம் சித்திரை வெயிலில், அருவி வறண்டு கிடந்தபோது அவள் கூப்பிட்டாள். கேள்வி மாறியிருந்தது.

"சார், ரூம்ல சுடுதண்ணி வருமா? கைக்குழந்தை இருக்கு."

அண்ணாச்சி எழுந்து நின்றுவிட்டார்.

"எத்தன மாசம்?"

"நாலு, சார்."

"சுடுதண்ணி வரும். அருவியிலயும் கொட்டுது. உடனே பொறப்பட்டு வாம்மா."

மூன்றாம் நாள் வந்தாள். தோளில் குழந்தை. நேரே போய்ப் பாறையைப் பார்த்துவிட்டு வந்து அவர் மேசை முன்னால் நின்றாள்.

"சொட்டுத் தண்ணி இல்லியே, சார்."

பதிலுக்குப் பஞ்சமே இல்லாத மனிதர் மேசையைச் சுற்றிக்கொண்டு வந்தார். பிறகு இரண்டு கைகளையும் நீட்டினார்.

"பிள்ளைய இங்கன கொடு. சுடுதண்ணி இருக்குல்லா."

நான் இப்போது வேறு ஊரில் இருக்கிறேன். குற்றாலத்தில் தண்ணீர் விழுகிறதா என்று யார் கேட்டாலும், யோசிக்காமல் "கொட்டுது, போங்க" என்றுதான் சொல்கிறேன்.