எட்டு டம்ளர் வேண்டுதல்

இருபத்தொன்பது ஆண்டுப் பௌர்ணமிகளை வெறுங்காலால் வென்றவளும், நாளொன்றுக்கு ஆறு காபியன்றி வேறு நீர் தீண்டாதவளுமாகிய அடி அண்ணாமலை ஜோதியம்மாளின் குதிகால்கள் வாழ்க! கோடையில் வற்றிய ஏரியின் அடிமண்ணெனப் பிளந்து, போர்வை நூலைக் கவ்வி இழுக்கும் அக்குதிகால்கள் மீது அவள் மகள் ஓவியா படையெடுத்த காரணம் இது: சித்திரையில் ஓவியாவுக்குத் திருமணம், மணமேடையில் தாயின் கால்களைக் கழுவிப் பாதபூசை செய்வாள், வீடியோக்காரர் அதைப் பதினைந்தடித் திரையில் பெரிதாக்கிக் காட்டுவார்.

“மாப்ள வீட்டுக்காரங்க மொத்த பேரும் பாப்பாங்கம்மா! மானம் போயிடும்!” என்று முரசறைந்தாள் மகள்.

வெந்நீரில் ஊறவைத்தாள், வாஸ்லின் பூசினாள், சாக்ஸ் என்னும் கோட்டைக்குள் அக்கால்களை அடைத்தாள். மோர்ப்படையும் தர்பூசணிப்படையும் வெள்ளரிப்படையும் அணியணியாய்ச் சென்றன. அவற்றையெல்லாம் அஞ்சாது உட்கொண்ட வீராங்கனை, தண்ணீர்ச் செம்பைக் கண்டதும் சீறினாள்: “வெடிப்பு கால்ல இருக்குது. வாயில ஊத்தினா எப்டிடீ மூடும்?”

பிளவுகள் பின்வாங்கத் தொடங்கிய வேளையில், திருமணத்துக்கு நான்கே நாள் இருக்க, வந்தது சித்திரைப் பௌர்ணமி. பதினான்கு கிலோமீட்டர் கிரிவலம், கொதிக்கும் தார்ச்சாலை, வெறுங்கால். மகள் மன்றாடினாள், மலையசையினும் தாய் அசையவில்லை. அப்போது ஓவியா தன் இறுதி அம்பைத் தொடுத்தாள்: “சரி, போ. ஆனா எட்டு லிங்கத்துக்கிட்டயும் நீ ஒவ்வொரு டம்ளர் தண்ணி குடிப்பன்னு அண்ணாமலையாருக்கு வேண்டிக்கிட்டேன்.”

வேண்டுதலை மீறும் வல்லமை யாருக்குண்டு! “என்னைக் கேக்காம எதுக்குடி வேண்டின? வேண்டினதுதான் வேண்டின, ஒண்ணு ரெண்டு கம்மியா வேண்டக் கூடாதா?” என்று முழங்கியவாறே வாயு லிங்கத்தில் முதல் டம்ளரை விழுங்கினாள், குபேர லிங்கத்தில் முகம் சுளித்தாள், எம லிங்கத்தில் எமனையே பார்த்தவள்போல் நின்று, பின் குடித்தாள். ஒவ்வொரு லிங்கத்தருகிலும் மகள் மண்டியிட்டு, சுடுபட்ட அப்பாதங்களில் குளிர்நீர் வார்த்து, துப்பட்டாவால் ஒற்றியெடுத்தாள். நீரின் அதிபதியாம் வருண லிங்கத்தின் முன் எட்டாவது டம்ளரும் வீழ்ந்தபோது, வானவர் பூமாரி பொழியாவிடினும், சுண்டல் விற்றுக்கொண்டிருந்தவர் கைதட்டினார்.

மணநாள் புலர்ந்தது. நாதசுரம் விண்ணதிர, இரு வீட்டுச் சுற்றமும் திரைநோக்கி விழியுயர்த்த, வெற்றி வாகை சூடிய அக்குதிகால்கள் வெள்ளித் தாம்பாளத்தில் எழுந்தருளின.

அம்மா இறந்துபோன பிறகு ஓவியா அந்த வீடியோவை நிறுத்தி நிறுத்திப் பார்த்தாள். மஞ்சளும் பூவும் மூடி, கால் தெரியவே இல்லை.